கால்பந்துக் களத்தில் ஓர் ஆசிரியர்: ஹைதராபாத் சையது அப்துல் ரஹீம்

மாலை வேளையில் திண்டுக்கல் மலைக்கோட்டையின் நிழல் நீண்டு விழும்போது நகரின் திடல்களில் பந்து உதைபடும் ஓசையை நாம் கேட்கிறோம். பேகம்பூர்ப் பக்கத்துச் சிறுவரும், கல்லூரி மாணவரும், வேலை முடித்து வந்த இளைஞரும் ஒரே பந்தின் பின்னே ஓடுவதைக் காண்கிறோம். ஐரோப்பிய ஆட்டக்காரர்களின் பெயர்களும், அவர்கள் அணியும் சட்டையின் எண்களும் அவர்களுக்கு மனப்பாடம். அது குறையன்று. ஆயினும், ஒலிம்பிக் போட்டியின் அரையிறுதி வரை இந்தியக் கால்பந்தை அழைத்துச் சென்றவர் யார் என்று அவர்களுள் ஒருவரை நிறுத்திக் கேட்டால் விடை வருவது அரிது. மூத்தோரிடமும் அந்தப் பெயர் மறைந்துகொண்டே வருகிறது.

அவர் பெயர் சையது அப்துல் ரஹீம். ஆட்டக்காரர்கள் அவரை ரஹீம் சாகிப் என்றே அழைத்தனர். தமிழ்த்துறை மலரில் கால்பந்துப் பயிற்சியாளர் ஒருவருக்கு என்ன இடம் என்று சிலர் ஐயுறலாம். அன்னார் முதலில் பள்ளி ஆசிரியர், பிறகே பயிற்சியாளர் என்பது நம் விடை. அவர் செய்த அருஞ்செயல்கள் பலவற்றுக்கும் வேர் வகுப்பறையிலேயே இருந்தது என்பது நம் துணிபு.

ரஹீம் அவர்கள் 1909ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்கள் 17ஆம் நாள் ஹைதராபாத்தில் பிறந்தார். அந்நாளில் அது நிஜாமின் தலைநகர். உருதுவைப் பயிற்று மொழியாகக் கொண்டு அங்கே தோன்றிய உஸ்மானியாப் பல்கலைக்கழகத்தில் பயின்று பட்டம் பெற்றார். மாணவப் பருவத்திலும் அதன் பின்னரும் கால்பந்து ஆடினார். நல்ல ஆட்டக்காரர் எனப் பெயரெடுத்தார், ஆனால் நாடறிந்த ஆட்டக்காரர் ஆகவில்லை. படிப்பு முடிந்ததும் ஆசிரியப் பணி ஏற்றார். காச்சிகுடா நடுநிலைப் பள்ளி, தாருல் உலூம் உயர்நிலைப் பள்ளி, சாதர்காட் உயர்நிலைப் பள்ளி எனப் பல பள்ளிகளில் பாடம் நடத்தினார். பின்னர் உடற்கல்வியில் பட்டயம் பெற்று, மாணவரின் விளையாட்டுப் பயிற்சியையும் தம் பொறுப்பில் எடுத்துக்கொண்டார். 1943ஆம் ஆண்டு ஹைதராபாத் கால்பந்துச் சங்கத்தின் செயலாளரானார். இறுதிநாள் வரை அப்பொறுப்பு அவரைவிட்டு நீங்கவில்லை.

நாடு விடுதலை பெற்ற காலத்தில் இந்தியக் கால்பந்து என்றால் கல்கத்தா என்றே பொருள். பெரிய கழகங்கள் அங்கே, பணம் அங்கே, கூட்டம் அங்கே. 1948இல் ஹைதராபாத் சமஸ்தானம் இந்திய ஒன்றியத்தோடு இணைந்தபோது அந்நகர் பெரும் கலக்கத்தைக் கண்டிருந்தது. அதற்கு இரண்டே ஆண்டுகளில், 1950இல், ஹைதராபாத் நகரக் காவல்துறை அணி பம்பாய்க்குச் சென்று ரோவர்ஸ் கோப்பையை வென்றது. அடுத்த ஆண்டும் வென்றது. இவ்வாறு 1954 வரை ஐந்தாண்டுகள் தொடர்ந்து அக்கோப்பை ஹைதராபாத்துக்கே வந்தது. டூரண்ட் கோப்பையும் அவ்வணியின் கைக்கு வந்ததுண்டு. பெரும்பாலும் சாதாரணக் காவலர்களைக் கொண்ட அந்த அணியின் பின்னே இருந்தவர் ரஹீம் சாகிப். நேற்றுவரை அஞ்சி வாழ்ந்த ஒரு நகரத்து மக்கள் நாடே அறியத் தலைநிமிர்ந்து நின்றதில் அந்த வெற்றிகளுக்கும் பங்குண்டு என்று நாம் கருதுகிறோம்.

அவருடைய பயிற்சி முறையைச் சற்று விரித்துச் சொல்ல வேண்டும். பந்தைத் தன் காலிலேயே வைத்துக்கொண்டு நான்கு பேரை ஏமாற்றிச் செல்வதே சிறந்த ஆட்டம் என்று அன்று நம் நாட்டில் கருதினர். கூட்டமும் அதற்கே கைதட்டியது. ரஹீம் அவர்கள் அதற்கு மாறாக, பந்தை உருட்டிக்கொண்டு ஓடுவதையே தடைசெய்து சிறுவர்களுக்குப் போட்டிகள் நடத்தினார். வந்த பந்தை ஒரே தொடுகையில் அடுத்தவருக்கு அனுப்ப வேண்டும். கண் முன்கூட்டியே களத்தைப் பார்த்திராவிட்டால் அது இயலாது. வலக்கால் பழக்கமுள்ளவர் இடக்காலால் மட்டுமே ஆட வேண்டும் என்றும் போட்டிகள் வைத்தார். வலக்கையால் எழுதிப் பழகிய மாணவனை இடக்கையால் எழுதச் சொன்னால் என்ன பாடுபடுவானோ, அந்தப் பாட்டை அவர்கள் பட்டனர். ஆனால் ஓராண்டு கழிந்ததும் அவர்களுக்கு இரண்டு கால்கள் கிடைத்தன! பிழையைத் திருத்துவதோடு நில்லாமல் பிழை செய்ய இடமில்லாதவாறு பாடத்தை அமைப்பது ஆசிரியத் தொழிலின் நுட்பம். அதை அவர் புல்தரையில் செய்து காட்டினார்.

இந்திய அணியின் பொறுப்பு அவரிடம் வந்தபின், 1951இல் புதுதில்லியில் நடைபெற்ற முதலாவது ஆசிய விளையாட்டுப் போட்டியில் இந்தியா ஈரானை 1-0 என வென்று தங்கம் பெற்றது. அந்த ஒரு கோலை அடித்தவர் சாகு மேவாலால். அந்த மகிழ்ச்சி நெடுநாள் நிற்கவில்லை. 1952இல் ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் யூகோஸ்லாவியா இந்தியாவைப் பத்துக்கு ஒன்று எனத் தோற்கடித்தது. நம் ஆட்டக்காரர் பலர் அன்று வெறுங்காலோடு ஆடினர்.

திண்டுக்கல்லில் வாழும் நமக்குத் தோலைப் பற்றிப் புதிதாகச் சொல்ல வேண்டியதில்லை. தோல் ஷாப்புகளின் வாடையோடு வளர்ந்தவர்கள் நம்மில் பலர். நனைந்த தோல் எவ்வளவு கனக்கும், குளிரில் எவ்வளவு விறைக்கும் என்பதை நாம் அறிவோம். அக்காலப் பந்து தோலால் தைக்கப்பட்டு, வாரால் முடிச்சிடப்பட்டது. ஈரம் பட்டால் அது கல்லாகும். நம் நாட்டின் வெயில் காய்ந்த திடலில் வெறுங்காலால் அதைத் தொட்டு ஆடுவது ஒரு கலையாகவே இருந்தது. 1948 லண்டன் ஒலிம்பிக்கில் அவ்வாறு ஆடியே பிரான்சை இறுதிவரை திணற வைத்து 1-2 எனத் தோற்றோம். சாரங்கபாணி ராமன் நமக்காக அன்று ஒரு கோல் அடித்தார். கிடைத்த பெனால்டிகள் இரண்டையும் தவறவிட்டோம். வெறுங்கால் ஆட்டத்தைப் பெருமையாகப் பேசும் வழக்கம் இன்றும் சிலரிடம் உண்டு. ஹெல்சிங்கியின் அந்தப் பத்து கோல்களுக்குப் பிறகு அப்பெருமை பேசுவதற்கு இடமில்லை என்பதே நம் கருத்து. அதன் பிறகு பூட்ஸ் அணிவது கட்டாயமாயிற்று.

அந்தத் தோல்வியிலிருந்து ரஹீம் அவர்கள் கற்றது பூட்ஸ் மட்டுமன்று. அதே ஹெல்சிங்கியில் தங்கம் வென்ற ஹங்கேரியின் ஆட்டமுறையை அவர் மனத்தில் வாங்கிக்கொண்டார். நடு முன்கள ஆட்டக்காரர் எதிரியின் கோல் அருகே காத்து நில்லாமல் பின்னே இறங்கிவிடுவார். அவரைக் காக்க வேண்டிய தடுப்பாட்டக்காரர் பின்தொடர்ந்து வந்தால் கோல் முன்னே வெற்றிடம் உண்டாகும். வராமல் நின்றால் இவர் தடையின்றி ஆடுவார். இரண்டும் எதிரிக்குக் கேடு. 1953இல் வெம்பிளித் திடலில் இங்கிலாந்தை 6-3 என ஹங்கேரி வீழ்த்திய சூழ்ச்சியும் இதுவே. அதை ஹைதராபாத்துச் சிறுவர்களுக்கும் இந்திய அணிக்கும் அவர் புகட்டினார். பிற்காலத்தில் பின்களத்தில் நால்வர், நடுவில் இருவர், முன்களத்தில் நால்வர் என்ற அமைப்பையும் இந்திய ஆட்டத்துக்குக் கொண்டுவந்தார். பிரேசில் நாட்டுக்கும் முன்னரே அவர் இதைக் கண்டுபிடித்தார் என்று எழுதுவோர் உண்டு. அன்பினால் அவ்வாறு எழுதுகின்றனர். பிறரிடம் கற்றதைத் தம் மாணவருக்கு ஏற்றவாறு மாற்றித் தந்தார் என்பதே போதிய புகழ் அன்றோ?

1956இல் மெல்போர்ன் ஒலிம்பிக். முதல் சுற்றில் எதிர்கொள்ள வேண்டிய ஹங்கேரி அணி வராததால் இந்தியா நேரே காலிறுதிக்குச் சென்றது. அங்கே ஆஸ்திரேலியாவை, அவர்கள் மண்ணிலேயே, 4-2 என வென்றது. பம்பாயின் நெவில் டிசூசா மூன்று கோல்கள் அடித்தார். ஒலிம்பிக் கால்பந்தில் ஓர் ஆட்டத்தில் மூன்று கோல்கள் அடித்த முதல் ஆசியர் அவரே. நான்காவது கோலைக் கிட்டு எனப்பட்ட கிருஷ்ணசாமி அடித்தார். ஏதோ நல்வாய்ப்பால் வந்த வெற்றி என்று எண்ணியோருக்கும் விரைவில் விடை கிடைத்தது. ஒலிம்பிக் முடிந்தபின் சிட்னியில் நடந்த மற்றோர் ஆட்டத்தில் இந்தியா அதே ஆஸ்திரேலியாவை 7-1 என வென்றது.

அரையிறுதியில் மீண்டும் யூகோஸ்லாவியா. நான்கு ஆண்டுகளுக்கு முன் பத்து கோல் அடித்த அதே நாடு. முற்பாதியில் கோல் இல்லை. பிற்பாதி தொடங்கிச் சில மணித்துளிகளில் டிசூசா அடித்த கோலால் இந்தியா முந்தியது. ஒலிம்பிக் இறுதிப் போட்டி கண்ணுக்கு எட்டும் தொலைவில் நின்ற அந்த நேரம் இரண்டு நிமிடங்கள் கூட நீடிக்கவில்லை எனலாம். யூகோஸ்லாவியா சமன் செய்து, பின் மேலும் மூன்று கோல்கள் பெற்று வென்றது. வெண்கலத்துக்கான ஆட்டத்தில் பல்கேரியாவிடம் 0-3 எனத் தோற்று நான்காம் இடம் பெற்றோம். ஒலிம்பிக் கால்பந்தின் அரையிறுதியை எட்டிய முதல் ஆசிய அணி நம்முடையது.

அவர் கண்டெடுத்த ஆட்டக்காரருள் தமிழ் வழியினர் இருவரை நாம் நினைவுகூர வேண்டும். ஒருவர் துளசிதாஸ் பலராம். செகந்திராபாத்தை அடுத்த அம்முகுடாவில் எளிய தமிழ்க் குடும்பத்தில் பிறந்தவர். ஹைதராபாத்துக்குப் பயிற்சிக்கு வர வழியில்லாத நிலையில் அவருக்கு வாடகைச் சைக்கிளுக்கான காசைக் கொடுத்து வரவழைத்தவர் ரஹீம் அவர்கள். மற்றவர் பீட்டர் தங்கராஜ். ஹைதராபாத்தில் பிறந்து, நீலகிரியின் வெலிங்டனில் உள்ள மதராஸ் ரெஜிமெண்டில் சேர்ந்து, முன்கள ஆட்டக்காரராகத் தொடங்கிக் கோல்கீப்பராக மாறிய நெடியவர். 1960 ரோம் ஒலிம்பிக்கில் இவ்விருவரும் ஆடினர். அங்கே ஹங்கேரியிடம் 1-2 எனத் தோற்று, பிரான்சோடு 1-1 எனச் சமன் செய்து, பெருவிடம் 1-3 எனத் தோற்று இந்தியா வெளியேறியது. பெருவுக்கு எதிரான அந்த ஒற்றைக் கோலை அடித்தவரும் ஒரு தமிழர், சைமன் சுந்தரராஜ். அதற்குப் பின் இந்தியக் கால்பந்து அணி ஒலிம்பிக்கில் கால் வைக்கவேயில்லை. எனவே அதுவே இந்நாள்வரை ஒலிம்பிக்கில் இந்தியா அடித்த கடைசிக் கோல்.

இனி ஜகார்த்தாவுக்கு வருவோம். 1962இல் நான்காவது ஆசிய விளையாட்டுப் போட்டி இந்தோனேசியாவில் நடைபெற்றபோது ரஹீம் அவர்களின் நுரையீரலைப் புற்றுநோய் தின்றுகொண்டிருந்தது. ஓயாது புகைத்த பழக்கம் அவருக்கு இருந்தது என்பதை மறைக்க வேண்டியதில்லை. மாணவர் பலர் இம்மலரைப் படிப்பர் என்பதால் அதையும் எழுதிவைக்கிறோம். நோயோடுதான் அணியை அழைத்துச் சென்றார். முதல் ஆட்டத்திலேயே தென்கொரியாவிடம் 0-2 எனத் தோல்வி. அடுத்துத் தாய்லாந்தை 4-1 என வென்றபோது பின்கள அரணாக விளங்கிய ஜர்னைல் சிங்கின் தலை பிளந்து ஆறு தையல்கள் போட வேண்டியதாயிற்று. ஜப்பானை அவரின்றியே 2-0 என வென்றனர்.

அரையிறுதிக்கு முன் பயிற்சியாளர் எடுக்க வேண்டிய முடிவு ஒன்று இருந்தது. காயம்பட்ட தலையோடு ஜர்னைல் சிங்கைப் பின்களத்தில் நிறுத்தினால் ஒவ்வொரு உயரப் பந்தையும் அவர் முட்டித் தள்ள வேண்டும். வெளியே உட்கார வைத்தால் அணியின் நெஞ்சுரம் குறையும். ரஹீம் அவர்கள் அவரை முன்களத்துக்கு அனுப்பினார். கல்லூரி நாளில் ஜர்னைல் முன்களத்தில் ஆடியவர் என்பது ஆசிரியரின் நினைவில் இருந்தது. தென்வியட்நாமுக்கு எதிரான அந்த அரையிறுதியை இந்தியா 3-2 என வென்றது. தலைவர் சுனி கோஸ்வாமி இரண்டு, ஜர்னைல் ஒன்று.

இறுதி ஆட்டத்தில் மீண்டும் தென்கொரியா. களத்துக்கு வெளியே நிலைமை மோசமாயிற்று. இஸ்ரேலும் தைவானும் போட்டிக்கு வர இந்தோனேசியா இடம் தரவில்லை. ஆசிய விளையாட்டுக் கூட்டமைப்பில் பொறுப்பு வகித்த இந்தியரான குரு தத் சோந்தி, அவ்வாறாயின் இதை ஆசியப் போட்டி என்று அழைக்கலாகாது என்று நிலையெடுத்தார். அது அந்நாட்டு மக்களைச் சினமூட்டியது. ஜகார்த்தாவில் இந்தியத் தூதரகம் தாக்கப்பட்டது. அவர் செய்ததில் நியாயம் இருந்ததா என்பது வேறு வழக்கு. அதன் பயனை அனுபவித்தவர்கள் பதினொரு ஆட்டக்காரர்கள்.

1962 செப்டம்பர் 4ஆம் நாள், செனாயன் அரங்கில் ஏறத்தாழ ஒரு லட்சம் பேர் கூடி இந்தியாவுக்கு எதிராக ஆரவாரம் செய்தனர். நம் நாட்டுப் பண் ஒலித்தபோதும் கூச்சல் அடங்கவில்லை. அந்த இரைச்சலில் இந்தியாவுக்காகக் குரல்கொடுத்தவர்கள் பாகிஸ்தான் ஹாக்கி அணியினர் என்பதை நம் ஆட்டக்காரர்கள் பிற்காலத்தில் நன்றியோடு நினைவுகூர்ந்துள்ளனர்.

கோல்கீப்பர் விஷயத்திலும் அன்று ரஹீம் அவர்கள் துணிந்தார். காய்ச்சலால் தங்கராஜ் படுத்திருந்தமையால் இளைஞர் பிரத்யுத் பர்மன் கோல் காத்து, அணியை இறுதிக்குக் கொண்டுவந்திருந்தார். ஆயினும் கொரியரின் உயரப் பந்துகளைப் பிடிக்க உயரமான கைகள் வேண்டும் என்று கருதி, நோயிலிருந்து எழுந்த தங்கராஜை இறக்கினார். பர்மனின் மனம் என்ன பாடுபட்டிருக்கும் என்பதை நாம் எண்ணிப் பார்க்கலாம். அணி தோற்றிருந்தால் பழி முழுவதும் பயிற்சியாளர் தலையில் விழுந்திருக்கும் என்பதையும் எண்ண வேண்டும். பதினேழாம் நிமிடத்தில் பி.கே. பானர்ஜி கோல் அடித்தார். இருபதாம் நிமிடத்தில், தலையில் கட்டோடு, ஜர்னைல் சிங் அடித்தார். அதன்பின் ஒரு மணி நேரத்துக்கு மேல் கொரியர் முட்டி மோதி, ஆட்டம் முடியும் தறுவாயில்தான் ஒரு கோல் பெற முடிந்தது. இந்தியா 2-1 என வென்றது. ஆசியப் போட்டிக் கால்பந்தில் இந்தியா அதன்பின் இதுநாள்வரை தங்கம் வென்றதில்லை.

தாயகம் திரும்பிய ரஹீம் அவர்கள் விரைவில் படுக்கையில் விழுந்தார். 1963 ஜூன் 11ஆம் நாள், ஐம்பத்து நான்கு வயது நிறைவதற்கு முன்னரே, இறைவன் அழைப்பை ஏற்றார். அவரிடம் பயின்ற ஆட்டக்காரர் பலர் பின்னாளில் அர்ஜுனா விருது பெற்றனர். பத்ம விருதுப் பட்டியலில் அவர் பெயரை நாம் காணவில்லை. ஹைதராபாத்தின் கால்பந்தும் அவருக்குப் பின் மெல்ல மெல்லத் தேய்ந்தது. அவர் ஒருவரையே நம்பி நின்றதன் விளைவு அது என்று குறை சொல்வோர் உண்டு. அக்குறையில் உண்மை இல்லாமலில்லை. ஏற்ற வாரிசுப் பயிற்சியாளர்களை அவர் உருவாக்கியிருக்கலாம். காலன் அவருக்கு அந்த அவகாசத்தைத் தரவில்லை.

2024இல் அவர் வாழ்வை ஒட்டி மைதான் என்னும் இந்தித் திரைப்படம் வெளிவந்தது. அஜய் தேவ்கன் ரஹீமாக நடிக்க, ஏ.ஆர். ரஹ்மான் இசையமைத்தார். அதன் வாயிலாகத்தான் இன்றைய மாணவர் சிலருக்கேனும் அப்பெயர் தெரிந்திருக்கிறது. திரைக்கதைக்காகச் சேர்த்தவையும் அதில் உண்டு. அதை வரலாறாகக் கொள்ளலாகாது.

ரஹீம் அவர்களின் மைந்தர் சையது ஷாகித் ஹக்கீமைப் பற்றியும் சொல்லாமல் இக்கட்டுரையை முடிக்க இயலாது. தந்தையைப் போலவே கால்பந்தில் வளர்ந்து, விமானப்படையில் அதிகாரியாகப் பணியாற்றி, ஆட்டம் ஓய்ந்தபின் ஊதலைக் கையில் எடுத்தவர் அவர். பன்னாட்டுக் கால்பந்துக் கூட்டமைப்பின் நடுவர் பட்டயம் பெற்று, நாடுகளுக்கிடையே நடந்த ஆட்டங்களை நடுநின்று நடத்தினார். 2002 உலகக் கோப்பையில் துணை நடுவராகக் கொடி பிடித்த நம் தமிழகத்துக் கோமளீஸ்வரன் சங்கருக்கு முந்திய தலைமுறை இவர். 2017இல் தியான்சந்த் விருது பெற்று, 2021 ஆகஸ்டு 22இல் மறைந்தார்.

1960இல் ரோம் ஒலிம்பிக்குக்குச் சென்ற இந்திய அணியில் ஹக்கீமும் இருந்தார். பயிற்சியாளர் தந்தை. மூன்று ஆட்டங்களுக்கும் பதினொருவரைத் தேர்ந்தெடுத்தவர் தந்தை. ஹங்கேரிக்கு எதிராகவும், பிரான்சுக்கு எதிராகவும், பெருவுக்கு எதிராகவும் களமிறங்கியோர் பட்டியலை எடுத்துப் பார்த்தோம். மகன் பெயர் ஒன்றிலும் இல்லை.